கண், காது, நெற்றி

மைனி,

அண்ணனின் ரேஷன் கார்டைத் தேடி, காலண்டருக்குப் பின்னால் தொங்குகிற உன் பைக்குள் இன்று கையை விட்டேன். ஒரு தீப்பெட்டி அகப்பட்டது. குலுக்கினால் சத்தம் இல்லை. திறந்தால் உள்ளே இரண்டு பஞ்சு உருண்டைகள். தேங்காய் எண்ணெயும் மிஷின் எண்ணெயும் கலந்த வாசம் இன்னும் போகவில்லை. விசைத்தறி செட்டில் சத்தம் காதைப் பிய்க்காமல் இருக்க, கழிவு நூலைக் கசக்கி எண்ணெயில் தோய்த்து நாம் அடைத்துக்கொள்வோமே, அதுதான். ஒன்று கொஞ்சம் பெரிது. வலது காது ஒனக்கு வாசக்கதவு மாதிரி இருக்கு என்று நான் கேலி செய்தது ஞாபகம் இருக்கிறதா?

எடுத்து என் காதில் வைத்தேன். தெரு அடங்கிப்போனது. எதிர் செட்டில் ஓடுகிற தறி, எங்கேயோ தண்ணீருக்கு அடியில் ஓடுகிற மாதிரி ஆனது. அப்படியே சுவரில் சாய்ந்து உட்கார்ந்துவிட்டேன். ரேஷன் கார்டு மறந்தே போனது. உன் மகள் கோமதி விட்டுப்போன நோட்டு ஒன்று அலமாரியில் கிடந்தது. அதில்தான் எழுதுகிறேன். ஐந்தாம் வகுப்போடு நின்ற கை, எழுத்து கோணலாகத்தான் வரும். உனக்கு வாசிக்க வருமா என்று யோசித்தேன். உனக்கா வராது? உதட்டையே வாசித்தவள் நீ.

நீ எங்கள் வீட்டுக்குக் கல்யாணமாகி வந்தபோது நான் அந்த செட்டில் தார் சுற்றிக்கொண்டிருந்தேன். தறியில் குறுக்கே ஓடுகிற நாடாவுக்குள் வைக்கிற சின்னக் குச்சியில் நூலைச் சுற்றுகிற வேலை. அண்ணனுக்குப் பூ மார்க்கெட்டில் ஏலம் கூவுகிற வேலை. விடியும் முன்னால் போய் மத்தியானம் வருவான். நீ வீட்டில் தனியாக இருந்து என்ன செய்வாய் என்று நான்தான் உன்னையும் கூட்டிப்போனேன். முதல் நாள் நீ காதைப் பொத்திக்கொண்டு வாசலிலேயே நின்றாய். பன்னிரண்டு தறி ஒன்றாக ஓடினால் பக்கத்தில் இருக்கிறவள் சொல்வதுகூடக் கேட்காது. அங்கே எல்லாரும் உதட்டால்தான் பேசினோம். சத்தம் வருகிறதா இல்லையா என்பது பேசுகிறவளுக்கே தெரியாது. நீ ஒரு மாதத்தில் கற்றுக்கொண்டாய். அதுவரை உன்னை நான் "நீங்க" என்றுதான் சொல்வேன். அந்த இரைச்சலில் ஒரு சொல்லை இழுக்க நேரமில்லை. நீங்க, நீ ஆனது. வீட்டுக்கு வந்த பிறகும் திரும்ப நீங்க ஆகவில்லை. அண்ணன் முதலில் முறைத்தான். நீ சிரித்தாய், அவனும் விட்டுவிட்டான்.

உனக்கு ஒரு பழக்கம் இருந்தது. யார் என்ன சொன்னாலும் ஒற்றை விரலைக் கண்ணுக்குக் கொண்டுபோவாய், பிறகு காதுக்கு, பிறகு நெற்றிக்கு. பார்த்தாயா, கேட்டாயா, நினைத்தாயா? சொன்னவள் மூன்றில் ஒன்றைத் தொட்டுக் காட்ட வேண்டும். அவ்வளவுதான். ஆரம்பத்தில் எல்லாருக்கும் கடுப்பாக இருந்தது. "போலீஸ் ஸ்டேசன்ல இருந்து வந்திருக்கா" என்று பேச்சியக்கா சொன்னாள். பிறகு அவளே தன் புருஷனிடம் அப்படிக் கேட்டு அவனைத் திணற வைத்ததாகச் சொல்லிச் சிரித்தாள்.

ஒரு நாள் செட் முழுக்க ஒரே பேச்சு. முதலாளி தறியை எல்லாம் விற்கப்போகிறாராம். பேச்சியக்கா மூக்கைச் சிந்த ஆரம்பித்துவிட்டாள். நீ மிஷினை நிறுத்திவிட்டு எழுந்து போய் அவள் முன்னால் விரலைக் காட்டினாய். அவள் காதைத் தொட்டாள். யாரிடம் கேட்டதாகக் கை காட்டினாளோ, அந்த ஆளிடம் போனாய். அவரும் காதைத் தொட்டார். அதற்கு அடுத்தவளும் காது. பறக்கிற பஞ்சுத் தூசிக்குள் நீ ஒவ்வொரு தறியாகப் போவதை, ஏதோ குளத்துக்குள் நடக்கிறவளைப் பார்ப்பதுபோல நான் பார்த்துக்கொண்டிருந்தேன். கடைசியில் சுற்றிக்கொண்டு என் முன்னால் வந்து நின்றாய். நான் தைரியமாகக் கண்ணைத் தொட்டேன்.

"என்னட்டி பாத்த?"

"ரெண்டு பேரு டேப்ப வச்சு செட்ட அளந்தாவ."

"விக்கப்போறோம்னு சொன்னாகளா?"

"அளந்தா பெறவு என்னத்துக்காம்?"

"அளந்ததப் பாத்த. வித்தத எங்கன பாத்த?"

என் விரல் தானாக நெற்றிக்குப் போனது. அவர்கள் கூரைக்குத் தகரம் மாற்ற அளவெடுக்க வந்தவர்கள் என்று சாயந்திரம்தான் தெரிந்தது. நீ யாரிடமும் என்னைக் காட்டிக்கொடுக்கவில்லை. வீட்டுக்கு வரும் வழியில் மட்டும் சொன்னாய்: "நெனச்சத நெனச்சேன்னே சொல்லு. அதுல ஒரு கேவலமும் இல்ல. அதுக்குக் கண்ணு மூக்கு வச்சு விட்டேன்னு வையி, பேச்சியக்கா அழுதா பாரு, அந்த மாதிரி யாராவது அழணும்."

அப்புறம் கரண்ட் போகிற நேரம். அது உனக்கு ரொம்பப் பிடிக்கும். தறி எல்லாம் ஒரே மூச்சில் நின்றுவிடும். யாராவது ஒருத்தி நிற்காமல் கத்திக்கொண்டிருப்பாள். ஒரு தடவை பேச்சியக்கா, "மொதலாளியம்மா கெட்டியிருக்க சேல ஜன்னத் துணி மாதிரியில்லா இருக்கு" என்று சொல்லி முடிக்கிறாள், கரண்ட் போய்விட்டது. முதலாளியம்மா வாசலில் நிற்கிறாள்.

"ஜன்னலுக்கும் இதுலயே ஒண்ணு தச்சுப் போட்டுருதேன் பேச்சி, ஜோடியா இருக்கட்டும்" என்றாள் அவள்.

நீ சிரித்துச் சிரித்துத் தார்க்கூடையைக் கவிழ்த்துவிட்டாய். சிரித்து ஓய்ந்த பிறகு ஒரு அமைதி வரும். ஜன்னல் வெளிச்சத்தில் பஞ்சு மெல்ல மெல்லக் கீழே இறங்கும். யாருக்கும் பேசத் தோன்றாது. கோமதி அப்போது கைப்பிள்ளை. செட்டு மூலையில் கட்டியிருந்த தொட்டிலில் அந்த நேரத்தில்தான் விழித்துக்கொள்வாள். சத்தம் நின்றால் விழிக்கிற பிள்ளை. பேச்சு வரும் முன்பே உதடு பார்க்கக் கற்றுக்கொண்ட பிள்ளை.

இப்போது நீ கனவில் வருகிறாய், மைனி. உதடு மட்டும் அசைகிறது. எனக்கு எல்லாம் புரிகிறது. விழித்த பிறகு ஒரு சொல்லும் ஞாபகம் இல்லை.

போனதுக்கு முந்தின ஐப்பசியில் உன்னைத் திருநெல்வேலி ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனோம். வயிற்று வலி என்று நீ மூன்று மாதமாகச் சுக்குக் காப்பி குடித்துக்கொண்டிருந்தாய். ஸ்கேன் எடுத்து, ஊசி போட்டுச் சதை எடுத்து, எல்லாம் முடிந்து டாக்டர் வந்தார். உன்னைக் கட்டிலில் உட்கார வைத்திருந்தார்கள். அண்ணனுக்கு மெதுவாகப் பேசத் தெரியாது. இருபத்தைந்து வருஷம் பூ ஏலம் கூவிய தொண்டை. அதனால் டாக்டரை வெளியே கூப்பிட்டான். நானும் போனேன். கதவை நன்றாகச் சாத்தினோம். கண்ணாடிக் கதவு.

டாக்டர் மாஸ்க்கைத் தாடைக்கு இறக்கிவிட்டு, படிக்காத எங்களுக்குப் புரிய வேண்டுமே என்று ஒவ்வொரு சொல்லாக, நிறுத்தி நிறுத்திச் சொன்னார். புற்றுநோய், முற்றிவிட்டது. ஆபரேஷன் பண்ண முடியாது. ஆறு மாதம், கூடினால் எட்டு மாதம். அண்ணன் அந்தச் சுவரைப் பிடித்துக்கொண்டு அழுதான். "அவகிட்ட சொல்லிராதிய சார், தாங்க மாட்டா" என்றான். நோயாளியே கேட்டால் மறைக்க முடியாது என்றார் டாக்டர். நீ அவரிடம் கேட்கவே இல்லை.

அண்ணன் என் கையைப் பிடித்தான். "நான் சொன்னா நம்ப மாட்டா. நீ போயிச் சொல்லு. குடல்ல புண்ணுன்னு சொல்லு. நீ சொன்னா நம்புவா."

உள்ளே வந்து சொன்னேன். மருந்து சாப்பிட்டால் ஆறிவிடும் என்றும் சேர்த்துச் சொன்னேன். நீ என் முகத்தையே பார்த்தாய். விரல் எழுந்தது. கண், காது, நெற்றி.

நான் காதைத் தொட்டேன்.

வாயால் நான் எத்தனையோ பொய் சொல்லியிருக்கிறேன். தெரிந்தே கையால் சொன்னது அது ஒன்றுதான். நீ என் விரலைப் பார்த்துக்கொண்டே "சரி" என்றாய். அதற்குப் பிறகு அந்த விரலை என்னிடம் நீ காட்டவே இல்லை. மருந்து மயக்கம், அசதி என்று நானே எனக்குச் சொல்லிக்கொண்டேன்.

வேலைக்குப் போக முடியாமல் ஆனதும் கட்டிலை இந்த ஜன்னல் ஓரத்தில் போடச் சொன்னாய். எதிரே செட்டு ஜன்னல். நடுவில் தெரு மட்டும்தான். நான் பாதி நாள் அங்கே தார் சுற்றுவேன், பாதி நாள் இங்கே உன்னோடு இருப்பேன். மத்தியானத்தில் அண்ணன் வருவான், வாழை இலையில் பிச்சிப்பூ கொண்டுவந்து உன் தலைமாட்டில் வைப்பான். உனக்குத் தெரியாது என்கிற நினைப்பில் அவன் முகம் தெளிவாக இருக்கும். வீடு முழுக்கப் பூ வாசம். தறிச் சத்தம் ஒரே சீராக ஓடும். அதைக் கேட்டுக்கொண்டே நீ தூங்கிவிடுவாய். நானும் தரையில் கிடந்து தூங்கிவிடுவேன். இப்படியே இருந்துவிடலாம் என்று தோன்றும்.

பங்குனி வெயிலில் ஒரு நாள் நீ அந்த ஜன்னலைப் பார்த்துக்கொண்டே சொன்னாய்: "பேச்சியக்கா என்ன சொல்லுதா தெரியுமாட்டி?"

"என்ன சொல்லுதாளாம்?"

"நான் ஆடித்தபசு கொடியேறுத வரைக்கும் இருக்க மாட்டேனாம். யாரு சொன்னான்னு பக்கத்துல உள்ளவ கேக்கா. காதத் தொடுதா." உனக்குச் சிரிப்பு.

"சவத்து மூதிக்கு வேற வேல இல்ல. நீ தூங்கு மைனி."

நீ கண்ணை மூடிக்கொண்டாய். தூங்கிவிட்டாய் என்றுதான் நினைத்தேன்.

"அந்த ஆஸ்பத்திரியில கண்ணாடிக் கதவ எம்புட்டுத் துப்புரவாத் தொடச்சு வச்சிருந்தாவ, என்னட்டி" என்றாய்.

தெருவைத் தாண்டி உதடு வாசிக்கிறவளுக்கு ஒரு கதவு எந்த மூலைக்கு? நானும் அதே செட்டில் இருபத்திரண்டு வருஷம் இருந்தவள்தானே. கதவைச் சாத்தினால் பேச்சு உள்ளே போகாது என்று எப்படி நினைத்தேன்? இன்றுவரை யோசித்துப் பார்க்கிறேன். புரியவில்லை. அழுகிற நேரத்தில் மனுஷிக்குத் தன் தொழில்கூட மறந்துபோகும் போல.

நான் உன் காலைப் பிடித்துக்கொண்டு அழுதேன். நீ என் தலையைத் தடவினாய்.

"ஒங்கண்ணன் அழுததையும் பாத்தேன். எனக்குத் தெரியாதுன்னு நெனச்சு அவுக பூ வாங்கிட்டு வாராக. அது அப்படியே இருந்துட்டுப் போட்டும்."

"கோமதிக்கு?"

"கடைசிப் பரீச்ச. முடியட்டும். முடிஞ்ச அன்னைக்கு நானே சொல்லுதேன்."

அன்று சாயந்திரம் அவள் மதுரைக் காலேஜ் ஹாஸ்டலிலிருந்து ஃபோன் பண்ணினாள். "நல்லாருக்கேன் மக்கா. குடல்ல புண்ணுதான். ஆறிட்டு வருது" என்றாய். நான் உன்னிடம் சொன்ன பொய்யை, ஒரு எழுத்து மாறாமல், எடுத்து உன் பிள்ளைக்குக் கொடுத்தாய். அது எங்கே வாங்கியது என்று தெரிந்த நான் தலை குனிந்து உட்கார்ந்திருந்தேன்.

பரீட்சை முடிய இரண்டு தாள் இருக்கும்போது நீ போய்விட்டாய். பத்து மணி இருக்கும். எதிரே தறி ஓடிக்கொண்டிருந்தது. கோமதி வந்து இறங்கியபோது ஹால் டிக்கெட் அவள் பையில் இருந்தது. அழவில்லை. எல்லாரும் கலைந்த பிறகு அண்ணனிடம் ஒன்றே ஒன்று கேட்டாள். "ஒங்களுக்கு எப்பத் தெரியும்?" ஐப்பசியில் என்றான். "அம்மாவ ஏமாத்திட்டிய. என்னையுந்தான்" என்றாள். அதோடு அப்பனுக்கும் மகளுக்கும் பேச்சு வார்த்தை நின்றுபோனது. விட்ட பரீட்சையைப் பிறகு எழுதி, மதுரையிலேயே வேலை தேடிக்கொண்டாள். என்னோடு மட்டும் ஃபோனில் பேசுவாள். அண்ணன் கதவுக்குப் பின்னால் நின்று அவள் குரலைக் கேட்பான்.

சாப்பாடு வைக்கும்போதெல்லாம் அவன் என்னிடம் கேட்பான். "அவ தெரியாமத்தானட்டி போனா?" நான் "உம்" என்பேன். உம் என்பது கண்ணும் இல்லை, காதும் இல்லை, நெற்றியும் இல்லை. அந்த ஒரு உம்மில் அவன் சாப்பிட்டுவிட்டுத் தூங்குவான். உண்மையைச் சொன்னால் அவனுக்கு மிச்சம் இருக்கிற நிம்மதி போய்விடும். சொல்லாவிட்டால் அவன் பிள்ளை அவனிடம் திரும்ப மாட்டாள். கோமதியிடம் சொன்னால், உண்மை பேசு என்று விரலைக் காட்டி வளர்த்த அம்மா தன்னிடமே தெரிந்து பொய் சொன்னாள் என்று ஆகிவிடும். ஒன்பது மாதமாக இந்த நூல் என் கையில் சிக்கலாகக் கிடந்தது.

போன சனிக்கிழமை அவள் ஏதோ சர்டிபிகேட் எடுக்க வந்தாள். மத்தியானம். அண்ணன் வாசல்படியில் உட்கார்ந்து மிஞ்சிய பூவைப் பொறுக்கிக்கொண்டிருந்தான். அவள் அவனைத் தாண்டி உள்ளே வந்து, உன் கட்டில் கிடந்த இடத்தில் நின்றாள். எதிரே பன்னிரண்டு தறியும் ஓடுகிறது. அவள் வாயைத் திறந்து உதட்டால் கேட்டாள். அண்ணனுக்கு உதட்டுப் பேச்சு தெரியாதே.

"அம்மாவுக்குத் தெரியுமா அத்த?"

விரல் எழுந்தது. கண், காது, நெற்றி. அப்படியே உன் விரல்.

ஆஸ்பத்திரியில் நான் தொட்ட காது எரிகிற மாதிரி இருந்தது. இன்னொரு தடவை என்னால் முடியாது என்று தெரிந்துபோயிற்று. கண்ணைத் தொட்டேன். எல்லாம் சொன்னேன். கண்ணாடிக் கதவு, நான் சொன்ன பொய், இந்த ஜன்னல்.

"எங்கிட்ட ஏன் சொல்லல?"

"ஒனக்குப் பரீச்ச முடியட்டும்னா." காதைத் தொட்டேன். "நீ ஃபோன்ல சிரிக்கத அதுவரைக்கும் கேட்டுக்கிடணும்னு இருந்திருப்பா." நெற்றியைத் தொட்டேன். அது நான் நினைத்தது மட்டும்தான். அதை அதற்கு மேலே வைக்க எனக்கு உரிமை இல்லை.

"அப்பம் அம்மா எல்லாம் தெரிஞ்சிட்டுத்தான் எங்கிட்ட பொய் சொன்னாளா?"

அவள் இதைச் சொல்லும்போது கரண்ட் போய்விட்டது.

பன்னிரண்டு தறியும் நின்றன. அவள் குரல் மட்டும் நட்டநடுத் தெருவில் விழுந்தது. தனக்குக் குரல் வந்தது அவளுக்கே தெரியாது. வாயைப் பொத்திக்கொண்டாள். அண்ணன் கையில் பூவோடு அப்படியே இருந்தான்.

"ஏட்டி" என்றான் என்னைப் பார்த்து. "நெசமா?"

"ஆமாண்ணே. கண்ணாடிக்கு அந்தப் பக்கமா இருந்து எல்லாத்தையும் வாசிச்சுட்டா."

"நான் அழுததையுமா?"

"அதையுந்தான்."

கையில் இருந்த பூவைக் கூடைக்குள் வைத்தான். தெருவில் வெயில் நின்றுகொண்டிருந்தது. பிறகு, அவனிடம் நான் கேட்டறியாத சின்னக் குரலில் சொன்னான்: "அன்னைக்கு ஆஸ்பத்திரியில இருந்து ஊருக்கு வந்து எறங்குனதும் எந்தலையப் பிடிச்சுவிட்டா. தல வலிக்கான்னு கேக்கல. சும்மா பிடிச்சுவிட்டா. எனக்கு அப்பமே ஒரு சந்தேகந்தான். கேக்கப் பயந்துபோயி கெடந்துட்டேன்."

கோமதி போய் அவன் பக்கத்தில் படியில் உட்கார்ந்தாள். கூடையைத் தன் பக்கம் இழுத்து வாடிய பூவைப் பொறுக்கிப் போட ஆரம்பித்தாள். "அது நல்ல பூவு மக்கா, அதப் போடாத" என்றான் அண்ணன். "எங்க நல்ல பூவு? காம்பு பழுத்துட்டு, பாருங்க" என்றாள். ஒன்பது மாதத்துக்குப் பிறகு பேசிய பேச்சு அது.

அப்போதுதான் எதிர் ஜன்னலிலிருந்து பேச்சியக்கா குரல் கொடுத்தாள். "ஏ கோமதி, ஒங்கம்மாவுக்குத் தெரியும்னு எங்களுக்குத் தெரியும்லா! இந்த ஜன்னல் வழியா எங்கூடப் பேசிட்டுத்தான கெடந்தா. ஆடித்தபசுக்கு இருக்க மாட்டேன்னு அவளேதான் எங்கிட்ட சொன்னா!"

தெருவே சிரித்ததா அழுததா, தெரியவில்லை. எனக்கு மட்டும் உள்ளே ஒரு ஊசி இறங்கியது, மைனி. பேச்சியக்கா காதைத் தொட்டாளே, அது உன்னிடம் கேட்டது. என்னிடம் சொல்லும் முன்னால் நீ அவளிடம் சொல்லியிருக்கிறாய். பக்கத்தில் தரையில் கிடந்த என்னைத் தாண்டி, தெருவைத் தாண்டி. கோபம் வந்தது. பிறகு யோசித்தேன். காதைத் தொட்டுப் பொய் சொன்னவளிடம் எப்படி முதலில் சொல்வாய்? அந்தக் கதவைச் சாத்தியது நான்தானே.

இப்போது கோமதி தினமும் அப்பனோடு பேசுகிறாள். அண்ணனும் யார் எதைச் சொன்னாலும் விரலைக் காட்டப் பழகுகிறான். கண், மூக்கு, நெற்றி என்று போய்விடுகிறது. "அத்த, அப்பாவுக்கு மோந்து பாத்துத்தான் எல்லாம் தெரியும் போல" என்று ஃபோனில் சிரிக்கிறாள். பூக்காரன்தானே, இருக்கட்டும். நான் உம் சொல்வதை விட்டுவிட்டேன். தெரிந்தால் தெரியும், இல்லாவிட்டால் தெரியாது. சொல்லிப் பார்த்தால் அவ்வளவு கஷ்டமாக இல்லை.

தீப்பெட்டி என் மடியில் இருக்கிறது. பஞ்சு இன்னும் என் காதில்தான் இருக்கிறது. எதிரே தறி ஓடுவது கனவில் ஓடுவதுபோல் இருக்கிறது. இந்த அடங்கிய சத்தத்துக்குள் ஒரே ஒரு சொல் மட்டும் திரும்பத் திரும்ப வருகிறது. கட்டிலில் உட்கார்ந்து, என் விரல் காதில் இருப்பதைப் பார்த்துக்கொண்டே நீ சொன்ன "சரி". கதவுக்கு அந்தப் பக்கம் நடந்ததை எல்லாம் வாசித்து முடித்துவிட்டுச் சொன்ன சரி. பங்குனியில் எல்லாம் பேசினோம், அதை மட்டும் நீயும் எடுக்கவில்லை, நானும் கேட்கவில்லை.

அந்தச் சரிக்குள் என்னை மன்னித்துவிட்டாய் என்று கோமதியிடம் சொல்லப்போனேன். வாய் வரைக்கும் வந்தது. உன் விரல் எழுந்த மாதிரி இருந்தது.

பார்க்கவில்லை. கேட்கவில்லை. நெற்றியைத்தான் தொட்டுக்கொண்டிருக்கிறேன், மைனி.